கடைநிலை (சொல்)

கடைநிலை என்பது ஒரு வரிசையின் இறுதியில் இருத்தலையும், பதவி அடுக்கில் எல்லோருக்கும் கீழே இருத்தலையும் குறிக்கும் தமிழ்ச் சொல். பழந்தமிழ் இலக்கணத்தில் இது ஒரு புறத்துறையின் பெயர். இருபதாம் நூற்றாண்டின் அரசு நிர்வாகத்தில் 'கடைநிலை ஊழியர்' என்ற தொடரால் பரவலாக அறியப்பட்டது. 'சபால்டர்ன்' என்ற ஐரோப்பியச் சொல்லுக்குத் தமிழில் வழங்கும் 'விளிம்புநிலை', 'அடித்தளம்' ஆகியவற்றுடன் இச்சொல்லை ஒப்பிடும்போது ஒரு வேறுபாடு தெரிகிறது. கடை என்ற சொல்லுக்குத் தலை என்ற இணை உண்டு. யார் கீழே என்று சொல்லும்போதே யார் மேலே என்ற கேள்வியையும் அது எழுப்பிவிடுகிறது. மற்ற இரு சொற்களில் அந்தக் கேள்வி எழுவதில்லை.

சொற்பொருள்

கடை, நிலை என்னும் இரு பெயர்ச்சொற்கள் சேர்ந்தது கடைநிலை. கடை என்பது திராவிட மொழிகளுக்குப் பொதுவான பழஞ்சொல். கன்னடத்தில் 'கடெ' என்றும் தெலுங்கில் 'கட' என்றும் வழங்கி, முடிவு, எல்லை, பக்கம் போன்ற பொருள்களைத் தருகிறது. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி இச்சொல்லுக்கு இடம், முடிவு, எல்லை, அங்காடி, கீழ்மை, வாயில் முதலிய பொருள்களைத் தருகிறது.

இவற்றுள் கீழ்மை என்பது ஒரு பொருள் மட்டுமே. கடைக்கண், கடைவாய் என்பவற்றில் கடை என்பது ஓரம். கடைக்குட்டி என்பதில் அது கடைசியாகப் பிறந்த பிள்ளை. பெரும்பாலும் வீட்டின் செல்லப் பிள்ளை. கடைப்பிடித்தல் என்றால் இறுதிவரை விடாது பற்றுதல். கடைத்தேறுதல் என்றால் ஈடேறுதல். இச்சொற்களில் எங்கும் இழிவு இல்லை.

இழிவுப் பொருள் வருவது தலை, இடை, கடை என்ற மூவகைப் பகுப்பில். நன்னூல் மாணாக்கரை இவ்வாறு பகுக்கிறது. அன்னமும் பசுவும் போன்றவர் தலைமாணாக்கர். மண்ணும் கிளியும் போன்றவர் இடைமாணாக்கர். ஓட்டைக் குடம், ஆடு, எருமை, பன்னாடை போன்றவர் கடைமாணாக்கர். இங்கே கடை என்பது இடமோ காலமோ அன்று, தரம். தரம் என்று வந்துவிட்டால் தரம் பிரிப்பவர் ஒருவர் இருந்தாக வேண்டும். நன்னூலில் அவர் ஆசிரியர். திருக்குறளின் கல்வி அதிகாரத்தில் (குறள் 395) கடையர் எனப்படுவோர் கல்லாதவர். பிறப்பை வைத்து அன்றி, கற்க முயலாமையை வைத்தே வள்ளுவர் அச்சொல்லை அங்கே ஆள்கிறார்.

வரிசையில் கடைசி என்பதும் தரத்தில் கடைசி என்பதும் வெவ்வேறு. இச்சொல்லைப் பற்றிய குழப்பங்களில் பல, முதலாவது எப்போது இரண்டாவதாக மாறுகிறது என்பதைக் கவனிக்காததால் வருபவை.

கடையெழு வள்ளல்களும் கடைமடையும்

கொல்லிமலையை ஆண்ட வல்வில் ஓரி, பாரி, பேகன், காரி, ஆய், அதியமான், நள்ளி ஆகியோருடன் சேர்த்துக் கடையெழு வள்ளல்களுள் ஒருவனாகக் கூறப்படுகிறான். இந்த எழுவரையும் ஒருசேரக் கூறுவது சிறுபாணாற்றுப்படை. முதலெழுவர், இடையெழுவர், கடையெழுவர் என்று வள்ளல்களை மூன்று அணியாகப் பிரித்தது பிற்கால மரபு. கடையெழுவர் என்றதால் ஓரியின் கொடை குறைந்தது என்று யாரும் கொள்வதில்லை. கடைச்சங்கம் என்பதும் அவ்வாறே. இங்கே கடை என்பது காலவரிசை மட்டுமே.

இதற்கு மாறானது கடைமடை. ஆற்றுப் பாசனத்தில் வாய்க்கால் முடியும் இடத்திலுள்ள வயல்களே கடைமடைப் பகுதி. காவிரிப் படுகையில் 'கடைமடை விவசாயிகள்' என்ற தொடர் ஆண்டுதோறும் செய்திகளில் இடம்பெறும். கடைமடை என்பதும் முதலில் ஓர் இடத்தின் பெயர்தான். ஆனால் தலைமடையில் மதகைத் திறப்பதும் அடைப்பதும் வேறொருவர் கையில் இருப்பதால், இடத்தில் கடைசியாக இருப்பவர் பங்கிலும் கடைசியாகிறார். தண்ணீர் குறையும் ஆண்டில் முதலில் காய்வது அவருடைய பயிர்.

இரண்டும் ஒரே கடைதான். பகிர்வு ஒருவர் கையில் இல்லாத இடத்தில் அது வெறும் வரிசை. பகிர்வு ஒருவர் கையில் இருக்கும் இடத்தில் அது தரமாகிவிடுகிறது.

பழந்தமிழ் வழக்கு

தொல்காப்பியப் புறத்திணையியலில் கடைநிலை என்பது பாடாண் திணைத் துறைகளுள் ஒன்று. நெடுந்தொலைவு நடந்துவந்த புலவன், தன் வருத்தம் தீரும் பொருட்டு, தான் வந்திருப்பதைத் தலைவனிடம் சொல்லுமாறு வாயில் காவலனிடம் கூறுவது இத்துறை. பிற்காலப் பாட்டியல் நூல்கள் இதைச் சிற்றிலக்கிய வகைகளுள் ஒன்றாகவும் எண்ணின. இங்கே கடை என்பது வாயில். கடைநிலை என்பது வாயிலில் நிற்றல்.

இத்துறையில் நிற்பவன் புலவன். கல்வியில் அவன் கடையன் அல்லன். பல வேளைகளில் உள்ளே இருப்பவனைவிடக் கற்றவன். ஆயினும் கதவு உள்ளே இருப்பவனுடையது. எனவே கல்வி இருந்தும் அவன் காத்திருக்க வேண்டியுள்ளது. கடைநிலை என்பது ஒருவருடைய இயல்பைக் குறிப்பதன்று, அவர் நிறுத்தப்பட்ட இடத்தைக் குறிப்பது என்பதற்கு இதைவிடப் பழைய சான்று வேண்டியதில்லை.

மருத நிலத்து வயல்களில் உழைத்தோரைக் கடையர், கடைசியர் என்று பழைய நூல்கள் குறிக்கின்றன. புறநானூற்றிலும் கடைசியர் இடம்பெறுகின்றனர். தொல்காப்பிய அகத்திணையியல் அடியோர், வினைவலர் என்ற இரு சொற்களைத் தருகிறது. அடிமைகளையும் பிறர் ஏவிய வேலையைச் செய்வோரையும் குறிக்கும் இச்சொற்கள், அவர்களுடைய காதலை அன்பின் ஐந்திணைக்கு வெளியே வைக்கும் நூற்பாவில் வருகின்றன. பணியில் கீழே இருப்போருக்கு உணர்விலும் கீழான இடம் தரப்பட்டதை இந்நூற்பா காட்டுகிறது.

அடியோர் என்ற சொல்லின் பிற்கால வரலாறு வேறு. பக்தி இயக்கத்தில் அதே வேரிலிருந்து வந்த அடியார் என்ற சொல் பெருமைக்குரிய பெயராயிற்று. தலைவன் இறைவனானதும் அடிமை என்பதும் உயர்ந்தது. கடையர் என்ற சொல்லுக்கு அத்தகைய உயர்வு வாய்க்கவில்லை.

நிர்வாக வழக்கு

ஆங்கிலேயர் காலத்துச் சென்னை மாகாண அரசுப் பணிகளில் 'லாஸ்ட் கிரேடு' என்ற வகை இருந்தது. அதன் தமிழாக்கமே கடைநிலை ஊழியர். கேரளத்தில் அரசுப் பணியாளர் தேர்வாணையம் நடத்தும் லாஸ்ட் கிரேடு தேர்வு அப்பெயரிலேயே புகழ்பெற்றது.

இப்பணியாளரைக் குறித்த பிற சொற்கள் பெரும்பாலும் படையிலிருந்து வந்தவை. பியூன் என்பது காலாள் என்ற பொருளுடைய போர்த்துகீசியச் சொல்லிலிருந்து வந்தது. அதன் வேர் பாதத்தைக் குறிக்கும். சதுரங்கத்தின் காலாளுக்கு ஆங்கிலத்தில் உள்ள பெயரும் அதே வேரினது. டபேதார் என்பது குதிரைப்படையில் ஒரு பதவி. இன்று ஆட்சியருக்கும் நீதிபதிக்கும் முன்னே செல்லும் பணியாளரை அது குறிக்கிறது. தோளில் குறுக்காக அணியும் பட்டையின் பெயரான டவாலி, அதை அணிந்தவரின் பெயராகவே ஆகிவிட்டது. போர்க்களத்திலிருந்து வந்த இச்சொற்கள் எல்லாம் அதிகாரியின் அறை வாசலில் வந்து நின்றன. அங்கே அவர் செய்வது, வந்தவரின் பெயரை உள்ளே சென்று சொல்வது. தொல்காப்பியத்தில் கடைநிலை என்பது வந்தவரின் நிலை. அலுவலகத்தில் அது வாயில் காப்பவரின் நிலை. வாயிலுக்குள் இருப்பவரின் பெயரில் மட்டும் கடை சேரவில்லை.

ஊரளவில் இதற்கு எதிரான ஒரு முரண் உண்டு. தலையாரி என்ற பெயரில் தலை இருக்கிறது. வருவாய்த் துறையின் ஊர்ப் பணியாளர் வரிசையிலோ அவர் கடைசி. 1980இல் தமிழ்நாட்டில் கர்ணம், மணியக்காரர் முதலிய பழைய பதவிகள் ஒழிக்கப்பட்டு, பின்னர் கிராம நிர்வாக அலுவலர் முறை வந்தது. தலையாரி, வெட்டியான் போன்ற பணிப்பெயர்களின் இடத்தில் கிராம உதவியாளர் என்பது வழக்கானது.

இவ்வாறே கடைநிலைப் பணி 'தமிழ்நாடு அடிப்படைப் பணி' என்றும், பியூன் 'அலுவலக உதவியாளர்' என்றும் பெயர் மாறின. மத்திய அரசில் 'டி' பிரிவு என்ற கடைசிப் பிரிவையே நீக்கி அடுத்த பிரிவுடன் இணைக்க 2008இல் ஆறாவது ஊதியக்குழு பரிந்துரைத்தது. 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம், விசாரணை நீதிமன்றங்களைக் 'கீழ் நீதிமன்றம்' என்று குறிப்பிட வேண்டாம் என்று தன் பதிவகத்துக்கு அறிவுறுத்தியது.

இம்மாற்றங்கள் வெறும் மெருகு அல்ல. ஒரு மனிதர் தம் பிள்ளையின் பள்ளிச் சேர்க்கைப் படிவத்தில் தந்தையின் பணி என்ற இடத்தில் எதை எழுதுகிறார் என்பது அவருக்கு முக்கியம். கடைநிலை ஊழியர் என்று எழுதுவதற்கும் அலுவலக உதவியாளர் என்று எழுதுவதற்கும் வேறுபாடு உண்டு. அதே நேரம், பெயர் மாறியதால் வாசலில் உள்ள நாற்காலியும் அழைப்பு மணியும் மாறிவிடுவதில்லை. பழைய பெயர் மனிதரைப் புண்படுத்தியது. புதிய பெயர் படிநிலையை மறைக்கிறது. இரண்டையும் சேர்த்தே மதிப்பிட வேண்டும்.

சபால்டர்ன்

சபால்டர்ன் என்பது இலத்தீன் வேருடையது. கீழ் என்ற பொருள் தரும் முன்னொட்டும், இன்னொன்று என்ற பொருளுடைய சொல்லும் சேர்ந்தது. இன்னொருவருக்குக் கீழே வருபவர் என்பது இதன் நேர்பொருள். இச்சொல்லுக்கு மூன்று களங்கள் உண்டு.

முதலாவது அளவையியல். 'எல்லா மிளகும் காரமானது' என்பது மேல்வாக்கியம். 'சில மிளகு காரமானது' என்பது அதற்குக் கீழ்ப்பட்ட வாக்கியம். மரபு அளவையியலில் மேல்வாக்கியம் உண்மையானால் கீழ்வாக்கியமும் உண்மை. கீழ்வாக்கியம் பொய்யானால் மேல்வாக்கியமும் பொய்.

இரண்டாவது படை. பிரிட்டிஷ் படையில் கேப்டனுக்குக் கீழ்ப்பட்ட இளநிலை அதிகாரிகள் சபால்டர்ன் எனப்பட்டனர். அவர்கள் படையின் கடைசி ஆட்கள் அல்லர். அவர்களுக்குக் கீழே சிப்பாய்கள் இருந்தனர்.

மூன்றாவது வரலாற்றியல். முசோலினியின் ஆட்சியில் 1926இல் கைதான இத்தாலிய மார்க்சியர் அந்தோனியோ கிராம்ஷி, 1929 முதல் 1935 வரை எழுதிய சிறைக் குறிப்பேடுகளில் ஆதிக்கத்துக்கு உட்பட்ட சமூகக் குழுக்களை இச்சொல்லால் குறித்தார். 25ஆம் குறிப்பேட்டுக்கு அவர் தந்த தலைப்பின் பொருள் 'வரலாற்றின் விளிம்புகளில்: சபால்டர்ன் சமூகக் குழுக்களின் வரலாறு' என்பது. ரணஜித் குஹா 1982இல் தொடங்கிய சபால்டர்ன் ஆய்வுகள் தொகுதிகள் இச்சொல்லை இந்திய வரலாற்றுக்குக் கொண்டுவந்தன. வர்க்கம், சாதி, வயது, பால், பதவி என எதன் வழியாக வந்தாலும் கீழ்ப்படுத்தப்பட்ட நிலை அனைத்துக்கும் பொதுப்பெயராக அவர் இதை வைத்தார். 2005இல் வெளிவந்த பன்னிரண்டாம் தொகுதியின் பதிப்பாசிரியர்களுள் ஒருவர் தமிழ்நாட்டைச் சேர்ந்த ஆய்வாளர் எம். எஸ். எஸ். பாண்டியன்.

முதல் தொகுதியிலேயே சென்னை மாகாணத்து மலை மக்கள் இடம்பெற்றனர். இன்றைய ஆந்திரத்தின் கூடெம், ரம்பா மலைகளில் 1839 முதல் 1924 வரை நடந்த எழுச்சிகளை டேவிட் அர்னால்டு அதில் ஆராய்ந்தார். அங்கே முத்தாதார் எனப்பட்ட மலைத் தலைவர்கள் தமக்கு மேலிருந்தோருக்குக் கீழ்ப்பட்டவர்கள். தம் மலைக் குடிகளுக்குத் தலைவர்கள். படையில் சபால்டர்ன் என்ற சொல் குறித்த அதே நடுநிலை இது.

தமிழாக்கங்கள்

தமிழில் சபால்டர்னுக்கு இரண்டு சொற்கள் நிலைத்தன. ஆ. சிவசுப்பிரமணியனின் 'அடித்தள மக்கள் வரலாறு' என்ற நூல்தலைப்பு முதலாவதற்குச் சான்று. இரண்டாவதான விளிம்புநிலை 1990களின் சிற்றிதழ் விவாதங்களில் பரவி, இன்று செய்தித்தாள்வரை வந்துவிட்டது.

அடித்தளம் என்ற சொல்லில் ஒரு வலிமை உண்டு. கட்டடம் முழுவதும் அடித்தளத்தின் மேல் நிற்கிறது. உழைப்போரின் மேல் சமூகம் நிற்கிறது என்ற பொருள் தானே கிடைக்கிறது. குறை என்னவென்றால், அடித்தளம் அசையாதது. அது அங்கேயே இருக்க வேண்டும் என்ற எண்ணத்தையும் உடன் தருகிறது.

விளிம்புநிலை என்பது கிராம்ஷியின் தலைப்புக்கு நெருக்கமானது. வரலாற்று நூலின் பக்கத்தில் இடம்பெறாதவர்கள் என்ற பொருளில் அது சரியான சொல். ஆனால் அவர் விளிம்பு என்றது வரலாற்று எழுத்தின் விளிம்பை. சபால்டர்ன் என்றது ஆதிக்க உறவை. தமிழில் முதற்சொல் இரண்டாவதன் இடத்தையும் எடுத்துக்கொண்டது. விளைவாக, ஆணைக்கு உட்பட்டவர் என்ற பொருள் தேய்ந்து, தொலைவில் இருப்பவர் என்ற பொருள் ஓங்கியது. தட்டின் விளிம்பில் ஒரு பருக்கை தானாகவே ஒதுங்கியிருக்கலாம். கடைமடையில் பயிர் தானாகக் காய்வதில்லை.

மூன்றாவதாக ஒரு சொல் நிர்வாகத் தமிழில் பல ஆண்டுகளாக இருக்கிறது. சார் ஆட்சியர், சார்பதிவாளர், சார்பு நீதிமன்றம், சார்நிலைக் கருவூலம், சார்நிலைப் பணி என்ற பெயர்களில் ஆங்கிலத்தின் 'சப்' என்ற முன்னொட்டைச் சார் என்ற சொல் ஏற்றிருக்கிறது. இது இடத்தையோ தரத்தையோ சொல்லாமல் உறவைச் சொல்கிறது. சார்ந்தவர் என்றதும் யாரைச் சார்ந்தவர் என்று கேட்கத் தோன்றும். படைப் பொருளிலும் முத்தாதாரின் நிலைக்கும் சார்நிலை பொருந்தும். ஆனால் சார்தல் என்பதில் விருப்பத்தின் சாயல் இருக்கிறது. அடிக்கப்பட்டுக் கீழே வைக்கப்பட்டவரைச் சார்நிலை மக்கள் என்றால் அடியின் வலி சொல்லில் வராது. அந்த வலி கடைநிலையில் இருக்கிறது.

பேளுக்குறிச்சி: ஓர் எடுத்துக்காட்டு

இச்சொற்களின் வேறுபாட்டை நாமக்கல் மாவட்டம் பேளுக்குறிச்சியை வைத்து விளக்கலாம். கொல்லிமலை அடிவாரத்தை ஒட்டிய இவ்வூர், மிளகு முதலிய மளிகைச் சரக்குகள் விற்கும் வாரச்சந்தைக்குப் பெயர்பெற்றது. குறிச்சி என்பது குறிஞ்சி நிலத்து ஊரைக் குறிக்கும் பழஞ்சொல்.

கொல்லிமலையில் வாழ்வோர் மலையாளி எனப்படும் பழங்குடியினர். இப்பெயர் மலையை ஆள்வோர் என்ற பொருளில் விளக்கப்படுகிறது. கேரள மக்களைக் குறிப்பதன்று. இவர்களின் ஊராட்சிகள் வாழவந்திநாடு, வளப்பூர்நாடு, அரியூர்நாடு, சேளூர்நாடு, குண்டூர்நாடு என நாடு என்றே முடியும். ஊருக்கும் நாட்டுக்கும் மரபுவழித் தலைவர்கள் உண்டு. தம் மண்ணில் இவர்கள் எதன் விளிம்பிலும் இல்லை. விளிம்பு என்பது சமவெளியில் நின்று பார்ப்பவருக்குத் தெரியும் காட்சி.

அதே மனிதர் மிளகு மூட்டையுடன் அடிவாரச் சந்தைக்கு இறங்கும்போது நிலை மாறுகிறது. மலையில் நாட்டின் தலைவராக இருப்பவரும் சந்தையில் விற்க வந்தவர்களுள் ஒருவர். விற்காத சரக்கை மீண்டும் மலைக்கு ஏற்றிச் செல்வது கூலியும் வண்டிச் செலவும் வைக்கும். இருப்பு வைக்க இடமும் பொறுக்கக் காலமும் உள்ளவர் விலையைச் சொல்வார். இவை இல்லாதவர் சொன்ன விலைக்குக் கொடுப்பார். உயரத்தில் மலை மேலே, சந்தை கீழே. விலை பேசும் இடத்தில் இது தலைகீழாகிறது.

இவரை விளிம்புநிலை மக்கள் என்று எழுதினால் அவர் மலையில், தொலைவில் இருப்பதே அவருடைய குறை என்று ஆகிவிடும். தீர்வும் அதற்கேற்பச் சாலை போடுவதோடு நின்றுவிடும். சாலை தேவைதான். ஆனால் அந்த விலைபேச்சில் அவர் கடைநிலையில் இருக்கிறார் என்று எழுதினால், தலைநிலையில் இருப்பது யார், சரக்கை வைக்கக் கிடங்கு எங்கே, கூட்டுறவுச் சங்கம் வாங்குகிறதா என்ற கேள்விகள் அடுத்து வரும். ஒரு சொல்லின் தேர்வு இவ்வளவு தூரம் போகும்.

மதிப்பீடு

கடைநிலை என்ற சொல்லை மனிதருக்குப் பெயராக வைப்பதை நிர்வாகம் கைவிட்டது சரியானது. 2021இல் நாடாளுமன்றம் கடையன் உள்ளிட்ட ஏழு சாதிப் பெயர்களைத் தேவேந்திரகுல வேளாளர் என்ற ஒரே பெயரின்கீழ் கொண்டுவந்ததும், தம்மை எப்படி அழைக்க வேண்டும் என்று மக்கள் நெடுங்காலம் கேட்டதன் விளைவே. மனிதரைக் குறிக்கும் பெயரில் அவர் விருப்பமே முதன்மையானது.

மனிதரின் பெயராக அல்லாமல் நிலைமையின் பெயராக வழங்கும்போது கடைநிலை பயனுள்ள சொல். கடைநிலை மக்கள் என்பதைவிடக் கடைநிலையில் வைக்கப்பட்ட மக்கள் என்பது துல்லியம். வைத்தவர் யார் என்பதை அத்தொடர் மறைப்பதில்லை. இடைநிலையில் இருந்துகொண்டு மேலே கீழ்ப்படிந்தும் கீழே ஆணையிட்டும் வாழ்வோருக்குச் சார்நிலை பொருந்தும். வரலாற்று ஏட்டில் இடம்பெறாமை பற்றிப் பேசும்போது விளிம்பு பொருந்தும். மூன்றையும் ஒன்றாகக் கலந்து எல்லாவற்றுக்கும் விளிம்புநிலை என்பதே இன்றைய வழக்கின் குறை.

விளிம்பு என்ற சொல்லுக்குள்ளும் ஒரு செய்தி உண்டு. பள்ளிக் குறிப்பேட்டில் ஓரக்கோட்டுக்கு வெளியே உள்ள பகுதி மாணவர் எழுதக் கூடாத இடம். ஆசிரியர் திருத்தமும் மதிப்பெண்ணும் எழுதும் இடமும் அதுவே. கோடு யார் போட்டது என்பதைப் பொறுத்தே விளிம்பின் பொருளும் அமைகிறது.

அளவையியலின் விதியும் இங்கே உதவும். கீழ்வாக்கியம் பொய்யானால் மேல்வாக்கியம் நிற்காது. நாட்டு மக்கள் எல்லோரும் வளம் பெற்றனர் என்று ஒருவர் எழுதலாம். மூட்டையைத் திருப்பிச் சுமக்க முடியாமல் சொன்ன விலைக்கு விற்றுவிட்டு வெறுங்கையுடன் மலையேறும் ஒருவர், அந்த வாக்கியம் பொய் என்று காட்டப் போதும்.

தொல்காப்பியத்தின் கடைநிலையில் புலவன் வாயில் காவலனிடம் சொல்வது, தான் வந்திருப்பதை உள்ளே சொல் என்பதே. அச்சொல்லுக்கு மிகப் பழைய பொருள் அதுதான். கதவுக்கு வெளியே நின்றவர் அங்கே பேசினார்.